அன்னாசி ஸ்வீட் அண்ட் சோர் சாஸ் மறுநாளே தண்ணியாகுது, எங்க தப்பு?

வேளச்சேரி_கிச்சன்:

ஸ்ப்ரிங் ரோல், கோபி ஃப்ரைக்குத் தொட்டுக்க அன்னாசியில ஸ்வீட் அண்ட் சோர் சாஸ். இப்போ போடற அளவு: வடிகட்டாத அன்னாசிச் சாறு 200 மில்லி, வெள்ளை வினிகர் 60 மில்லி, சர்க்கரை 100 கிராம், தக்காளி கெச்சப் 3 மேசைக்கரண்டி, டார்க் சோயா சாஸ் 1 மேசைக்கரண்டி, கார்ன்ஃப்ளார் 1 மேசைக்கரண்டி. எல்லாத்தையும் ஒண்ணாக் கலந்து இண்டாலியம் வாணலியில 20 நிமிஷம் கொதிக்க விட்டு, கடைசியில குடமிளகாய், வெங்காயம் போட்டு இறக்கறது.

பத்தாவது நிமிஷம் கெட்டியா இருக்கறது இறக்கும்போது கொஞ்சம் இளகிடுது. மறுநாள் ஃப்ரிட்ஜைத் திறந்தா மேல தண்ணி தனியா நிக்குது. நிறமும் கடையில தர்ற செம்மஞ்சள் இல்ல, ஒரே பழுப்பு. லேசா உலோக ருசி வேற. அன்னாசியில இருக்கற என்சைம்தான் கார்ன்ஃப்ளாரைக் கரைச்சுடுதுன்னு சிலர் சொல்றாங்க, நிஜமா? டின் அன்னாசிக்கு மாறணுமா?

இன்னொண்ணு, மாங்காய் சீசன்ல கார்ன்ஃப்ளாரே சேர்க்காம மாங்காயில இதைப் பண்ண முடியுமா? ஒரு மாசமாவது வெச்சுக்கற மாதிரி வேணும்.

சிம்மில்_வைக்கவும்:

என்சைம் மேல பழி போடாதீங்க. அன்னாசியில இருக்கற புரோமலைன் புரதத்தைத்தான் உடைக்கும். ஜெலட்டின் போட்ட ஜெல்லி பச்சை அன்னாசியில உறையாதது, ஊற வெச்ச சிக்கன் குழைஞ்சு போறது எல்லாம் அதோட வேலை. கார்ன்ஃப்ளார் வெறும் மாவுச்சத்து, அதுகிட்ட புரோமலைனுக்கு வேலையே இல்ல. போதாக்குறைக்கு சாறு நல்லாக் கொதிச்சாலே அந்த என்சைம் செயலிழந்துடும். அதனால டின் வாங்க வேண்டிய அவசியமில்ல.

உங்க சாஸ் இளகறதுக்குக் காரணம் வினிகரும் அந்த 20 நிமிஷமும். மாவுச்சத்தை அமிலத்தோட சேர்த்து ரொம்ப நேரம் கொதிக்க விட்டா அதோட நீளமான சங்கிலிகள் துண்டு துண்டா உடையும், தண்ணியைப் பிடிச்சு வெக்கற சக்தி போயிடும். பத்தாவது நிமிஷம் கெட்டியா இருந்தது இருபதாவது நிமிஷம் இளகறது இதனாலதான். மறுநாள் நிக்கற தண்ணிக்கு இன்னும் ரெண்டு காரணம் உண்டு. கார்ன்ஃப்ளார் கூழ் ஆறி, குளிர்ந்து இறுகும்போது கொஞ்சம் தண்ணியை வெளிய தள்ளும், இது அதோட குணம். அதைவிடப் பெரிய காரணம் நீங்க போடற குடமிளகாயும் வெங்காயமும். உப்பும் சர்க்கரையும் உள்ள சாஸ்ல ராத்திரி முழுக்கக் கிடந்தா காய் தண்ணி விடாம என்ன செய்யும்? காயைப் பரிமாறற நேரத்துல தனியா வதக்கிச் சேருங்க. எடுத்து வெக்கற சாஸ்ல துண்டு எதுவும் கூடாது.

ருசி பார்த்த கரண்டியை மறுபடி உள்ள விடற பழக்கம் இருந்தா அதையும் நிறுத்துங்க. எச்சில்ல இருக்கற அமிலேஸ் மாவுச்சத்தைத்தான் உடைக்கும். சாஸ் ஆறினப்புறம் அப்படிப் பண்ணினா, கொஞ்சம் எச்சிலே அதை நீர்க்க வெச்சிடும்.

சுமார் 400 மில்லி வர்ற அளவு:

வடிகட்டின அன்னாசிச் சாறு 240 மில்லி. ஒரு கிலோ பழத்துல கொண்டை, தோல், நடுத்தண்டு போக ஏறக்குறைய பாதி சதை தேறும், அதை அரைச்சு வடிகட்டினா இந்தச் சாறு தாராளமா வரும். நார் தங்கினா சாஸ் வாயில திரிதிரியாத் தட்டும், அதனால வடிகட்டறதைச் சோம்பேறித்தனப்பட்டு விட்டுடாதீங்க. சர்க்கரை 80 கிராம், வினிகர் 60 மில்லி, கெச்சப் 3 மேசைக்கரண்டி, லைட் சோயா 1 தேக்கரண்டி, உப்பு கால் தேக்கரண்டி, பூண்டு 2 பல் நசுக்கினது, இஞ்சிச் சாறு 1 தேக்கரண்டி, எண்ணெய் 1 தேக்கரண்டி. கார்ன்ஃப்ளார் தலைதட்டி ஒன்றரை மேசைக்கரண்டி (12 கிராம்), 40 மில்லி பச்சைத் தண்ணியில கரைச்சது.

எண்ணெயில பூண்டைச் சிவக்க விடாம வாசனை வர்ற வரைக்கும் மட்டும் வதக்குங்க, கருகினா கசப்பு கடைசி வரை போகாது. சாறை ஊத்தி 5 நிமிஷம் கொதிக்க விட்டு மேல வர்ற நுரையை எடுத்துடுங்க. சர்க்கரை, கெச்சப், சோயா, உப்பு, இஞ்சிச் சாறு, பாதி வினிகர். இன்னொரு 3 நிமிஷம். இப்போ கார்ன்ஃப்ளார் கரைசலை அடியிலேர்ந்து ஒரு தடவை கலக்குங்க, அது நிமிஷத்துல கீழ படிஞ்சிடும். நடுத்தரத் தீயில சாஸைக் கிளறிக்கிட்டே மெல்லிசா ஊத்துங்க. பளபளப்பு வந்து, குமிழ் மெதுவா "ப்ளக், ப்ளக்"னு வெடிக்க ஆரம்பிச்சதும் சரியா ஒரு நிமிஷம். அடுப்பை அணைச்சு மீதி வினிகரை ஊத்திக் கலக்குங்க.

அந்த ஒரு நிமிஷத்தைக் குறைக்கவும் வேண்டாம். கார்ன்ஃப்ளார் 65, 70 டிகிரியிலேயே உப்ப ஆரம்பிச்சிடும், ஆனா கொதிநிலைக்குப் பக்கத்துல போனாத்தான் முழுசா வேகும். சர்க்கரை கூடக் கூட இன்னும் தாமதமாகும். அரைவேக்காட்டுல இறக்கினா மாவு வாடை அடிக்கும்.

சூட்டுல ருசி பார்த்து சர்க்கரையைத் தீர்மானிக்காதீங்க. ஒரு ஸ்பூன் சாஸைத் தட்டுல ஊத்தி ஆறவிட்டுப் பாருங்க.

எவர்சில்வர்_பானை:

மேல சொன்னதுல செய்முறைக்கு மறுப்பில்லை. பாத்திரத்தைப் பத்தி மட்டும் சேர்க்கிறேன், உலோக ருசிக்கான பதில் அதுதான்.

இண்டாலியம்னு நாம சொல்றது அலுமினியக் கலவை. வினிகரும் அன்னாசியும் சேர்ந்து 20 நிமிஷம் கொதிச்சா அலுமினியம் கொஞ்சம் கரைஞ்சு சாஸ்ல இறங்கும். வாணலி உள்பக்கம் அந்த இடம் மட்டும் பளிச்சுனு வெளுத்திருக்கும், பாருங்க. இரும்பு வாணலி இன்னும் மோசம், நிறம் கறுத்துடும். அடி கனமான எவர்சில்வர் அல்லது கீறல் விழாத நான்ஸ்டிக் போதும். ஈயம் பூசாத பித்தளையைத் தொடவே வேண்டாம்.

பழுப்பு நிறத்துக்குக் காரணம் டார்க் சோயா ஒரு முழு மேசைக்கரண்டி. இந்த அளவு சாஸுக்கு லைட் சோயா ஒரு தேக்கரண்டியே அதிகபட்சம். சிவப்பு வேணும்னா காஷ்மீரி மிளகாய்த்தூள் அரைத் தேக்கரண்டியை வெந்நீர்ல 10 நிமிஷம் ஊற வெச்சு, துணியில வடிச்ச தண்ணியைச் சேருங்க. தூளை நேராப் போட்டா புள்ளி புள்ளியாத் தெரியும். கடையில வர்ற பளீர் செம்மஞ்சள் பெரும்பாலும் கலர்ப்பொடி, அதோட போட்டி போடாதீங்க. ரோடமின் பிங்கற துணிச் சாயம் கலந்ததுக்காக 2024 பிப்ரவரியில தமிழ்நாட்டுல பஞ்சுமிட்டாய்க்கே தடை வந்துச்சு. உதிரியா விக்கற கலர்ப்பொடியில என்ன இருக்குன்னு யாருக்குத் தெரியும்?

வெள்ளைச் சர்க்கரைக்குப் பதில் வெல்லம் போடலாமான்னு அடுத்த கேள்வி வரும். போடலாம், ஆனா பழுப்பு திரும்ப வந்துடும், அன்னாசி மணத்தையும் வெல்லம் அமுக்கிடும்.

சாஸை ஃப்ரீசர்ல வெக்கறதா இருந்தா கார்ன்ஃப்ளார் சரிவராது. உருகினதும் பஞ்சு மாதிரி திரிஞ்சு தண்ணி பிரியும். மரவள்ளி ஸ்டார்ச் அதைவிடத் தாங்கும், ஆனா கொஞ்சம் இழுவையா இருக்கும். பெரும்பாலான மளிகைக் கடையில ஆரோரூட்னு கொடுக்கறதும் மரவள்ளி ஸ்டார்ச்தான்.

வேளச்சேரி_கிச்சன்:

ரொம்ப நன்றி. வாணலி உள்பக்கம் வெளுத்துதான் இருக்கு! ஏற்கெனவே தண்ணியான சாஸைக் காப்பாத்த வழி உண்டா? அப்புறம் அந்த மாங்காய் விஷயம். கிளிமூக்கா, நாட்டு மாங்காயா?

சிம்மில்_வைக்கவும்:

காப்பாத்தலாம். காயை எல்லாம் வடிச்சு எடுத்துட்டு சாஸை மட்டும் கொதி வர வெச்சு, ஒரு தேக்கரண்டி கார்ன்ஃப்ளாரை 2 மேசைக்கரண்டி தண்ணியில கரைச்சு ஊத்தி ஒரு நிமிஷம். அன்னிக்கே தீர்த்துடணும். உலோக ருசி இருக்கற சாஸுக்கு இந்த மெனக்கெடல் வேண்டாம், கொட்டிடுங்க.

ஊறுகா_ஜாடி:

மாங்காய்க்கு நான் சொல்றேன். கார்ன்ஃப்ளார் வேண்டாம்ங்கறது நல்ல முடிவு, மாங்காயிலேயே பெக்டின் இருக்கு. காய்ல பெக்டின் அதிகம், பழுக்கப் பழுக்கக் குறையும். சர்க்கரை, புளிப்பு, பெக்டின் மூணும் சேர்ந்தா தானா இறுகும்.

கிளிமூக்கு நல்லது. சதை அதிகம், நார் கம்மி, புளிப்பும் மட்டா இருக்கும். நாட்டு மாங்காய்னா சர்க்கரையை 200 கிராம்லேர்ந்து 280 வரை ஏத்தணும், வினிகரைப் பாதியாக்கணும். கொட்டை முத்தாத பிஞ்சு வேண்டாம், துவர்க்கும். பங்கனபள்ளி மாதிரி பழம் மட்டும் போட்டா புளிப்பு இல்லாம சப்புன்னு இருக்கும், வேணும்னா நாலுல ஒரு பங்கு பழம் கலக்கலாம், நிறம் நல்லா வரும்.

அரை கிலோ கிளிமூக்குல தோல், கொட்டை போக 350 கிராம் கிட்ட சதை நிக்கும். தோலைச் சுத்தமாச் சீவுங்க, கசப்பு அங்கதான். 100 மில்லி தண்ணி விட்டுக் குக்கர்ல ரெண்டு விசில், ஆறினதும் அரைச்சு வடிகட்டணும். அதோட சர்க்கரை 200 கிராம், உப்பு 1 தேக்கரண்டி, துருவின இஞ்சி 10 கிராம், மிளகாய் ஃப்ளேக்ஸ் 1 தேக்கரண்டி சேர்த்து சிம்ல 12லேர்ந்து 15 நிமிஷம் கிளறுங்க. கெட்டியாக ஆரம்பிச்சா தெறிக்கும், கை ஜாக்கிரதை. வினிகர் 60 மில்லி கடைசி 2 நிமிஷத்துல.

எல்லாரும் கோட்டை விடற இடம் பதம். ஃப்ரீசர்ல 5 நிமிஷம் வெச்ச தட்டுல ஒரு சொட்டு விட்டுப் பாருங்க. சுத்தி தண்ணி வளையம் பிரியாம, தட்டைச் சாய்ச்சா மெதுவா நகர்ந்தா அதுதான் பதம். அசையாம நின்னா தாண்டிடுச்சு, ஆறினதும் ஜாம். அடுப்புல இருக்கும்போது "இன்னும் கொஞ்சம் தண்ணியா இருக்கே"ன்னு தோணற கட்டத்துலதான் இறக்கணும். தாண்டிட்டா 2, 3 மேசைக்கரண்டி வெந்நீரும் ஒரு தேக்கரண்டி வினிகரும் விட்டு ஒரு கொதி.

வெச்சுக்கறதுக்கு: கண்ணாடி பாட்டிலை 10 நிமிஷம் கொதிநீர்ல போட்டு, ஈரம் வடிய விட்டு, சூடு ஆறறதுக்குள்ள சூடான சாஸை ஊத்துங்க. குளிர்ந்த பாட்டில்ல ஊத்தினா விரிசல் விடும். மேல ஒரு செ.மீ. இடம் விடுங்க. வெறும் தகர மூடி வினிகர் ஆவியில துருப்பிடிக்கும், உள்பூச்சு உள்ள மூடியோ பிளாஸ்டிக் மூடியோ போடுங்க. ஃப்ரிட்ஜ்ல, ஈரமில்லாத ஸ்பூன் மட்டும் போட்டா ஒரு மாசம் தாங்கும். கார்ன்ஃப்ளார் போட்ட அன்னாசி சாஸை ஒரு வாரம், பத்து நாளுக்கு மேல வெக்காதீங்க. மெட்ராஸ் வெயில்ல வெளிய வெக்கற யோசனையே வேண்டாம். மூடியைத் திறக்கும்போது "புஸ்"னு காத்து வந்தாலோ ஓரத்துல நுரை கட்டினாலோ நொதிச்சிடுச்சுன்னு அர்த்தம், திரும்பக் கொதிக்க வெச்சு சாப்பிடற வேலை கூடாது.

எவர்சில்வர்_பானை:

ஊறுகா_ஜாடி சொன்ன வினிகர்ல ஒரு திருத்தம் இல்ல, ஒரு எச்சரிக்கை. பாட்டில் லேபிள்ல அசிட்டிக் அமிலம் 4 சதவீதம் பக்கம் இருக்கணும். மேல சொன்ன அளவெல்லாம் அதுக்குத்தான். கடையில செறிவு அதிகமான கரைசல் உதிரியாக் கிடைக்கும், அதை அப்படியே 60 மில்லி ஊத்தினா வாயே பொத்துப் போகும். எலுமிச்சைக்கு மாத்தறதா இருந்தா அடுப்பை அணைச்ச பிறகு பிழியுங்க, கொதிச்சா மணம் போய் கசப்பு தட்டும். ஆனா ஒரு மாசம் வெக்கற பாட்டிலுக்கு வினிகரையே போடுங்க.

வேளச்சேரி_கிச்சன்:

நாளைக்கு எவர்சில்வர் சட்டியில 240 மில்லி அளவுலயே அன்னாசி. ரெண்டு மடங்கு போட்டா கார்ன்ஃப்ளாரும் ரெண்டு மடங்குதானே?

சிம்மில்_வைக்கவும்:

ஆமா, 24 கிராம். ஆனா மொத்தத்தையும் ஒரேயடியா ஊத்தாம முக்கால்வாசி ஊத்தி ஒரு நிமிஷம் பாருங்க, மீதியைத் தேவைக்கு விடுங்க. அகலமான சட்டியில சாறு சீக்கிரம் வத்திடும், அப்போ முழு அளவும் வேண்டியிருக்காது.