கொனோசுபா பகடி செய்வது நாயகனையா, அவனுக்குக் கிடைக்கும் வரத்தையா?

கேள்வி:
இறந்து வேறோர் உலகில் பிறப்பவனுக்கு முதல் நாளிலேயே அளவில்லாத வல்லமை வாய்த்துவிடும் இசெகாய் அனிமேக்கள் சலித்துப்போன நிலையில், அந்த வகையையே பகடி செய்யும் தொடர் என்று கேள்விப்பட்டு கொனோசுபாவைத் தொடங்கினேன். இரண்டு எபிசோடுகள் பார்த்திருக்கிறேன். நாயகன் கசுமாவும் அவனோடு வந்த தெய்வம் அகுவாவும் மதில் கட்டும் வேலைக்குப் போய்க் கூலி வாங்குகிறார்கள், குதிரை லாயத்தில் உறங்குகிறார்கள், ராட்சதத் தவளைகளிடம் படாத பாடு படுகிறார்கள். நன்றாகவே சிரித்தேன். ஆனால் நாயகனைச் சிறுமைப்படுத்துவது மட்டும்தான் இதில் பகடியா, நான் கவனிக்கத் தவறியது வேறு உண்டா?

பதில் 1:
நண்பரே, தொடரின் நோக்கம் கசுமாவுடைய மரணத்திலேயே இருக்கிறது. இசெகாய் நாயகர்கள் லாரியில் அடிபட்டுத் தியாகிகளாக இறப்பது வழக்கம். கசுமாவோ மெதுவாக வந்த டிராக்டரை லாரி என்று எண்ணி, அடிபடாமலேயே அதிர்ச்சியில் இறக்கிறான். புது உலகுக்கு ஏதேனும் ஒன்றை வரமாகக் கொண்டுபோகலாம் என்கிறாள் அகுவா; அவன் இறந்த விதத்தைச் சொல்லிச் சிரித்த அவளையே, தன்னுடன் கொண்டுபோகும் பொருளாக அவன் கேட்டுவிடுகிறான். அங்கே வரம் என்பது ஒரு தெய்வம். அதுவே அவனுக்குப் பெரும் சுமையாகிவிடுகிறது.

என்னை மிகவும் ஈர்த்தது இந்த உலகின் கணக்குவழக்கு. மற்ற தொடர்களில் நாயகன் ஊரையே தரைமட்டமாக்கினாலும் யாரும் செலவைக் கேட்பதில்லை. இங்கே அசுரர் படைத் தளபதி பெல்டியாவை வீழ்த்தியதற்கு 30 கோடி எரிஸ் (அந்த உலகின் நாணயம்) பரிசு அறிவிக்கிறார்கள்; ஆனால் அந்தச் சண்டையில் அகுவா வரவழைத்த வெள்ளத்தால் நகரத்துக்கு நேர்ந்த சேதம் 34 கோடி. வென்றவர்கள் 4 கோடி கடனுடன் வீடு திரும்புகிறார்கள். அவர்கள் குழுவின் மந்திரவாதி மெகுமினின் வெடிப்பு மந்திரமும் அப்படித்தான்: எதையும் அழித்துவிடும், ஆனால் ஒரு நாளைக்கு ஒரே முறை, முடிந்ததும் அவளால் எழுந்து நிற்கக்கூட முடியாது, யாராவது முதுகில் சுமந்துவர வேண்டும். வல்லமையை மறுக்காமல் அதன் விலையைக் காட்டுவதால்தான் இந்தப் பகடி இவ்வளவு கூர்மையாக இருக்கிறது.

பதில் 2:
மேலே சொன்னதை ஏற்கிறேன், ஒன்றைத் தவிர. அதே குழுவில் அடிபடுவதை ரசிக்கும் வீராங்கனை டார்க்னெஸைச் சுற்றி வரும் நகைச்சுவையும் கசுமாவின் திருட்டுத் திறனை வைத்துச் செய்யப்படும் ஆபாசமும் எதையும் பகடி செய்யவில்லை. அந்த வகையின் பழைய பழக்கத்தை அப்படியே தொடர்கின்றன. இதைத் தெரிந்துகொண்டே பாருங்கள். 2016, 2017 ஆகிய ஆண்டுகளில் ஸ்டுடியோ தீன் தயாரித்த முதல் இரு சீசன்களிலும் முகங்கள் வேண்டுமென்றே கோணலாகவும் நெகிழ்வாகவும் வரையப்பட்டிருக்கும், அழகான நாயக முகங்களுக்கு நேர்மாறாக. அதுவும் பகடியின் ஒரு பங்கு என்றே கருதுகிறேன். ஐந்தாவது எபிசோடைத் தவறவிடாதீர்கள்.

கேள்வி கேட்டவர்:
இருவருக்கும் நன்றி. ஐந்தாவது எபிசோடை இன்று பார்த்தேன். மந்திர வாள் வரமாகப் பெற்ற மிட்சுருகி, ஏரியைத் தூய்மைப்படுத்தும் வேலைக்காக அகுவா அடைபட்டிருந்த கூண்டின் கம்பிகளை வெறுங்கையால் வளைத்து அவளை மீட்க முனைகிறான்; வேறு தொடராக இருந்தால் அவனே நாயகன். பிறகு கசுமாவிடம் வாளைப் பறிகொடுத்துத் தோற்றும் போகிறான். ஆனால் அந்தக் கம்பிகளுக்கான செலவு, ஏரியைத் தூய்மைப்படுத்தியதற்காக அகுவாவுக்கு வரவேண்டிய கூலியிலிருந்துதான் கழிக்கப்படுகிறது. கணக்குவழக்கு என்று நீங்கள் சொன்னது அங்கேதான் எனக்குப் புரிந்தது.