மறு: வட்டிச் செலவா, வட்டிச் செலவினமா?

குழுவினர் எல்லோருக்கும் வணக்கம்.

"வட்டிச் செலவு என்றாலே விளங்குமே, வேறு சொல் எதற்கு?" என்று சென்னை நண்பர் கேட்டிருந்தார். யாழ்ப்பாணத்தில் உயர்தர வகுப்புக்குக் கணக்கீடு படிப்பிக்கிறவள் நான். எங்கள் பிள்ளைகள் தடுக்கி விழுகிற இடமே அந்தச் 'செலவு'தான்.

தமிழ்நாட்டில் பேரேட்டின் இடப்பக்கம் பற்று, வலப்பக்கம் வரவு. இலங்கையில் இடப்பக்கம் வரவு, வலப்பக்கம் செலவு. அதாவது உங்கள் பற்று எங்களுக்கு வரவு. உங்கள் வரவு எங்களுக்குச் செலவு. இங்கே வகுப்பில் நின்று "வட்டிச் செலவை வரவு வையுங்கோ" (அதாவது இடப்பக்கத்தில் பதியுங்கோ) என்று சொல்லிப் பாருங்கள். புதிதாகப் படிக்க வந்த பிள்ளை பேனையைக் கீழே வைத்துவிட்டு முகத்தைப் பார்க்கும். ஆகவே 'வட்டிச் செலவினம்' என்பதை விட்டுவிடக் கூடாது என்பதில் நான் உறுதியாக இருக்கிறேன். பக்கத்துக்குப் பெயர் செலவு. இலாபத்தைக் குறைப்பதற்குப் பெயர் செலவினம்.

சரி, அதோடு சிக்கல் தீர்ந்ததா? இல்லை. போன கிழமை ஒரு பயிற்சி கொடுத்தேன். இங்கே யாழ்ப்பாணத்துத் திருநெல்வேலிச் சந்தையில் வெங்காயம் விற்கிற ஒருவர் ஜனவரி 1ஆம் திகதி 600,000 ரூபா கடன் எடுக்கிறார். ஆண்டு வட்டி 12 சதவீதம், கட்டுவது ஆறு மாதத்துக்கு ஒருமுறை. கணக்காண்டு மார்ச் 31இல் முடிகிறது. அந்த ஆண்டின் வட்டிச் செலவினம் எவ்வளவு? ஒரு பிள்ளை பூச்சியம் என்று எழுதியிருந்தாள். ஏன் என்று கேட்டேன். "இன்னும் கட்டேல்லைத்தானே ரீச்சர், பிறகு எப்பிடிச் செலவு?"

அவளைக் குறைசொல்ல முடியாது. காசு கையை விட்டுப் போனால்தான் வீட்டில் அதைச் செலவு என்போம். ஆனால் கடைக்காரர் மூன்று மாதம் அந்தக் காசைப் பாவித்துவிட்டார். மாதம் 6,000 படி 18,000 ரூபா அந்த ஆண்டின் தலையில்தான் விழ வேண்டும். ஜூன் 30இல் அவர் 36,000 கட்டும்போது பாதி பழைய சென்மதியை, அதாவது கொடுக்க வேண்டியிருந்த பாக்கியைத் தீர்க்கும். மற்றப் பாதிதான் புது ஆண்டின் செலவினம். (முதலைத் திருப்பிக் கட்டுவது செலவினமே இல்லை. தவணைக் காசு முழுவதையும் இலாப நட்டக் கணக்கில் போடுகிற பிள்ளைகளும் இருக்கிறார்கள்.)

கட்டாமலே சேர்ந்து நிற்கிற இந்த 18,000க்கு நாங்கள் சொல்லிக் கொடுப்பது 'அட்டுறு வட்டி'. பிள்ளைகளுக்கு அது மனப்பாடம். பொருள் கேட்டால் வாய் திறக்க மாட்டார்கள். அன்றைக்கு நான் அந்தச் சொல்லை ஒரு பக்கம் வைத்துவிட்டு, "அம்மா சங்கிலியை அடைவு வைத்தால் வீட்டில் என்ன கதைப்பீர்கள்?" என்று கேட்டேன். "வட்டி ஏறிக்கொண்டு போகுது, கெதியா மீட்கவேணும்" என்றாள் அதே பிள்ளை. ஒரு சதமும் கட்டாமலே வட்டி ஏறும் என்பது அவளுக்குத் தெரிந்துதான் இருக்கிறது!

அதிலிருந்துதான் 'ஏறுவட்டி' என்ற சொல்லை முன்வைத்தேன். ஊறுகாய் மாதிரி வினைத்தொகை. ஏறிய வட்டி, ஏறுகிற வட்டி, ஏறும் வட்டி மூன்றும் அதற்குள் அடக்கம். காலத்தோடு சேர்ந்து வளர்கிற ஒரு தொகைக்கு இதைவிடப் பொருத்தமான சொல் எனக்குத் தோன்றவில்லை.

வட்டியையும் காசு கட்டுவதையும் பிரித்துப் பார்ப்பது எங்கள் மண்ணுக்குப் புதிதும் அல்ல. 1707இல் ஒல்லாந்தர் தொகுத்த, யாழ்ப்பாணத் தமிழரின் வழமைச் சட்டமான தேசவழமையில் ஒற்றி இருக்கிறது. காணியை ஒற்றி வைத்தவர் வட்டி என்று காசு கொடுப்பதில்லை. கடன் கொடுத்தவர் அந்தக் காணியின் விளைச்சலை எடுத்துக்கொள்வார். காசு கைமாறவில்லை, ஆனால் கடன் வாங்கியவருக்கு அந்தப் போகத்து நெல் போய்விட்டது.

'ஏறுவட்டி' என்றால் வீதம் கூடுவதாகவும் எடுக்கலாமே என்ற கொழும்பு நண்பரின் மறுப்பு நியாயமானது. 2022 ஏப்ரலில் மத்திய வங்கி கொள்கை வட்டி வீதங்களை ஒரே நாளில் 7 சதவீதப் புள்ளிகள் கூட்டியபோது நாங்கள் எல்லோரும் "வட்டி ஏறிட்டுது" என்றுதான் சொன்னோம். ஏறுவட்டி என்றால் வீதம் மாறுகிற கடன் என்று யாராவது எடுத்துக்கொள்ளலாம். வீதத்துக்கு 'உயர்தல்', தொகைக்கு 'ஏறுதல்' என்று எழுத்தில் கண்டிப்பாகப் பிரித்து வைத்தால் சமாளிக்கலாம் என்று நினைக்கிறேன். வீதம் மாறுகிற கடனுக்கு 'மாறுவீதக் கடன்' போதும்.

பரீட்சையில் அட்டுறு வட்டி என்றே எழுதச் சொல்வேன். பிள்ளையின் புள்ளியோடு விளையாட முடியாது. வகுப்பில் மட்டும் இரண்டையும் சேர்த்துச் சொல்லிப் பார்க்கிறேன்.

ஒன்று கேட்க வேண்டும். கடன் கொடுத்தவரின் ஏட்டிலும் இதே தொகை ஏறுகிறது. கொடுக்க வேண்டியவருக்குச் 'சென்மதி ஏறுவட்டி', வர வேண்டியவருக்கு 'வருமதி ஏறுவட்டி' என்று வைக்கலாமா? வங்கியில் வேலை செய்கிறவர்கள் யாராவது எழுதுங்கள்.