கைதட்டியதில் கடிகாரத்தை மறந்தேன்

மூத்தோர் தடகளப் போட்டிகளில் கண்டதை ஆளாளுக்கு எழுதுகிறீர்கள். என் கதையில் பெருமைப்பட ஒன்றுமில்லை.

மாவட்ட அளவிலான போட்டி. ஆள் போதவில்லை என்று நேரம் குறிக்க என்னை நிறுத்தினார்கள், ஓடுபாதைக்கு ஒருவராக. 100 மீட்டர் ஓட்டம். ஐந்தைந்து வயதாகப் பிரிப்பதால் 85க்கு மேல் ஒரே ஒரு பெரியவர். எண்பதுக்காரர்கள் மூவரோடு சேர்த்து ஓடவிட்டார்கள். நின்றபடியே புறப்படலாம் என்று விதி இடம் கொடுக்கிறது. அவரோ கையை ஊன்றிக் குனிந்தார். எழுவாரா என்று எங்களுக்குப் பதைப்பு. எழுந்தார், ஓடினார், கோட்டைத் தாண்டினார். நான் இரண்டு கையாலும் தட்டிக்கொண்டிருந்தேன். கழுத்தில் தொங்கிய ஸ்டாப்வாட்ச் நிற்காமல் ஓடிக்கொண்டிருந்தது.

"எத்தனை விநாடி, தம்பி?"

விழித்தேன். பக்கத்திலிருந்தவர், "சுமார் 24 என்று போட்டுவிடலாம் ஐயா, தங்கம் உங்களுக்குத்தானே" என்றார்.

"தங்கம் கிடக்கட்டும். போன வருஷத்தைவிடக் குறைந்ததா என்று தெரிய வேண்டாமா? நான் என்ன சுமாராகவா ஓடினேன்?"

ஜப்பானின் ஹிடெகிச்சி மியாசாகி 2015இல், 105 வயதில், இதே தூரத்தை 42.22 விநாடியில் ஓடிவிட்டு, வேகம் போதவில்லை என்று வருந்தினார் என்று பின்னர் படித்தேன். அன்றைக்குத்தான் எங்கள் பெரியவரின் கோபம் எனக்கு முழுதாக விளங்கியது.

* * *

உங்கள் பெரியவருக்குக் கடிகாரம் என்றால் எங்கள் பெரியம்மாவுக்குத் தராசு. சந்தையில் காய்கறி விற்றவர், வயது 78. பஞ்சாபின் மான் கவுர் 93 வயதில் ஓடத் தொடங்கி, 2017இல் ஆக்லாந்தில் 101 வயதில் 100 மீட்டரை 74 விநாடியில் முடித்த செய்தியை நான்தான் வாசித்துக் காட்டினேன். "ஓட்டம் எனக்கு ஆகாது, முழங்கால் விடாது. எறிகிறதாக இருந்தால் சொல்" என்றார்.

குண்டு எறிதலுக்குக் கூட்டிப்போனேன். 75 வயதுக்கு மேற்பட்ட பெண்களுக்கு இரண்டு கிலோ குண்டு. நடுவர் ஒன்றை எடுத்துக் கொடுத்தார். பெரியம்மா உள்ளங்கையில் வைத்து இரண்டு முறை ஏற்றி இறக்கிப் பார்த்துவிட்டுத் திருப்பி நீட்டினார்.

"இது மூன்று கிலோ, சார்."

நடுவர் சிரித்தார். குண்டைப் புரட்டி அதில் பொறித்திருந்த எண்ணைப் பார்த்துவிட்டு, பேசாமல் வேறு குண்டு எடுக்கப் போனார்.