ஓசைச்செப்பு: திறந்து பார்த்தவர்கள் எழுதுங்கள்

முகப்புத்திண்ணை

செப்பு என்றால் என்ன என்று இங்கே யாருக்கும் விளக்க வேண்டியதில்லை. மூடியை இடப்பக்கம் திருகினால் சுற்றியுள்ள சத்தத்தை விழுங்கும், வலப்பக்கம் திருகினால் விழுங்கியதைக் கக்கும். எங்கள் ஐயா வீடு கானாடுகாத்தானில். பங்காளிகளுக்குள் பேச்சு முடிந்து, வீட்டைப் பூட்டுவதற்கு முன்னால் பெட்டகத்தைக் காலி செய்தபோது மங்குச் சாமான்களுக்கு அடியில் வைக்கோல் சுற்றிக் கிடந்தது. 1942-இல் அப்பத்தா மூடியது என்று சித்தப்பா சொன்னார். மார்ச்சில் ஜப்பான்காரன் ரங்கூனைப் பிடித்துவிட்டான், பர்மாவிலிருந்து ஐயா உயிரோடு நடந்து வந்துகொண்டிருக்கிறாரா இல்லையா என்றே வீட்டில் தெரியாத நேரம். அப்படியென்றால் நாங்கள் என்ன எதிர்பார்த்திருப்போம்? அழுகை, ஒப்பாரி. அத்தைமார் கையில் முந்தானையோடு தயாராக நின்றார்கள்.

வளவில், அதாவது நடுமுற்றத்தில், வைத்துத் திருகினேன். வந்தது ஆட்டுக்கல் சத்தம். கரகரவென்று குழவி சுற்றுகிறது, நடுவில் அப்பத்தா குரல்: "அடியே, தண்ணியத் தெளிச்சு ஆட்டுன்னா ஊருணியவே கொண்டாந்து ஊத்துறியேடி!" மறுபடி குழவி. அவ்வளவுதான், தீர்ந்துவிட்டது. ஒரு அத்தைக்குச் சிரிப்பு வந்துவிட்டது. எனக்கு மட்டும் இன்னும் மனசு ஆறவில்லை. அந்த நேரத்தில், உளுந்து ஆட்டுகிற சத்தத்தைப் போய் ஒருத்தி ஏன் அடைத்து வைக்க வேண்டும்?

பள்ளத்தூர்ப் பேத்தி

எங்கள் வீட்டில் நடந்தது கல்யாணத்தில். தாலி கட்டுகிற நேரம், எந்த வாண்டு திருகியதோ தெரியாது. தவில்காரர் விரல்கூடெல்லாம் தோலில் விழுந்துகொண்டே இருக்கிறது, சத்தம் இல்லை. நாயனக்காரர் கன்னம் உப்பி, கண் பிதுங்கி, ஊதிக்கொண்டே எங்கள் பெரியப்பாவைப் பார்க்கிறார், அந்தப் பார்வையை என்னால் மறக்கவே முடியவில்லை. யாரோ கத்துகிறார்கள், வாய்தான் அசைகிறது. ஆச்சி மட்டும் பதறவில்லை, சங்கை எடுத்து ஊதினார்கள். அது கேட்டது! செப்பு சங்கை விழுங்காது, நல்ல காரியத்துக்கு நம் பக்கம் சங்கு ஊதுவதே அதனால்தான் என்பது ஆச்சியின் கட்சி. எனக்கு நம்பிக்கை இல்லை, ஆனால் தாலி ஏறியது சங்குச் சத்தத்தில்தான்.

கூத்து அப்புறம்தான். பந்தியில் இரண்டாவது தடவை சோறு போடும்போது அதே வாண்டு வலப்பக்கம் திருகிவிட்டது போலிருக்கிறது. கெட்டிமேளம் அப்படியே இலைகளுக்கு நடுவே வந்து விழுந்தது. ஒரு மாமா ரசம்சோற்றுக் கையோடு எழுந்து அட்சதை தேடினார்.

பழசுக்கடை, காரைக்குடி

முகப்புத்திண்ணை அண்ணே, வளவில் வைத்து யாராவது திறப்பார்களா? மேலே வானம் திறந்து கிடக்கிறது, பாதிச் சத்தம் அந்த வழியாகவே போயிருக்கும். நீங்கள் கேட்டது மிச்சம்தான். உள்ளறையில், கதவைச் சாத்திக்கொண்டு திறக்க வேண்டும். சுண்ணாம்பும் முட்டை வெள்ளைக்கருவும் கலந்து மெருகேற்றிய சுவர், சத்தத்தை உறிஞ்சாது, திருப்பி அடிக்கும், சின்ன முனகல்கூடத் தப்பாது. அப்புறம், புளி போட்டுத் தேய்க்காதீர்கள், மரை வழுக்கிவிடும். அத்தங்குடிக் கல் மேல் நேராக வைக்காதீர்கள், தேக்குப் பலகை போட்டு அதன் மேல் வையுங்கள். ஃப்ரிட்ஜ் இருக்கும் பக்கமே கொண்டுபோக வேண்டாம், இரவெல்லாம் அந்த உறுமலைக் குடித்துவிட்டு, நாளைக்கு உங்கள் பிள்ளைகள் திறந்தால் அதுதான் வரும். மூடியில் எண்ணெய் விடுவதானால் தேங்காயெண்ணெய் வேண்டாம், சிக்கு பிடிக்கும். பூட்டிய வீட்டில் விட்டுவைப்பதும் நல்லதில்லை, வௌவால் சத்தம் ஏறும்.

என் அனுபவம் சின்னது. முனீஸ்வரன் கோயில் தெருவில் கடை. ஒருவர் விற்க வந்தார், திறந்து பார்த்தேன், ஒன்றும் வரவில்லை. காலி என்று நினைத்தேன். அப்புறம்தான் கவனித்தேன், தலைக்கு மேல் ஃபேன் சுற்றுகிறது, அந்தச் சத்தமும் இல்லை. யாரோ அதற்குள் அமைதியை அடைத்து வைத்திருக்கிறார்கள். அதற்கு என்ன விலை சொல்வது?

பள்ளத்தூர்ப் பேத்தி

அமைதியை எப்படி அடைக்க முடியும்? இடப்பக்கம் திருகியிருப்பீர்கள். எல்லாக் கடைக்காரரும் இதே கதையைத்தான் சொல்கிறீர்கள்.

பழசுக்கடை, காரைக்குடி

எனக்கு இடம் வலம் தெரியாதாம்மா? உங்கள் வீட்டு வாண்டை முதலில் கவனியுங்கள்.

தேவகோட்டை ரஸ்தா

சண்டையை விடுங்கள். முகப்புத்திண்ணை, செப்பு நிலைவாசலுக்கு உள்ளே இருப்பதைத்தான் விழுங்கும், தெருச் சத்தத்தைத் தொடாது. உங்கள் அப்பத்தா எதையும் சேர்த்து வைக்கவில்லை. ஆட்டுக்கல்லின் வாயை அடைத்தால்தான் தபால்காரர் சைக்கிள் மணி உள்ளே கேட்கும், தந்தி வந்தால் தெரியும். ஐயா வந்து சேர்ந்தாரா, அதை எழுதவே இல்லையே நீங்கள்?

முகப்புத்திண்ணை

வந்தார், அந்த வருஷ ஆடியில். நீங்கள் சொல்வது சரியாக இருக்கலாம், ஆனால் ஆட்டுக்கல் கிடப்பது வீட்டின் கடைசிக் கட்டுப் பகுதியில், அங்கிருந்து தெரு மணி காதில் விழுமா என்று நின்று பார்த்தால்தான் தெரியும், சாவி இப்போது பங்காளியிடம். வௌவால் பயம் வேண்டாம், செப்பு என்னிடம்தான் இருக்கிறது. பழசுக்கடை அண்ணே, பலகை போட்டுவிட்டேன். விற்கிற எண்ணம் இல்லை, தனிச்செய்தியில் விலை கேட்பதை நிறுத்துங்கள்.