முக்கால் அங்குல யூ-மேட்டிக் டேப்: பழைய பப்ளிக் ஆக்சஸ் பேட்டியை மீட்பது எப்படி?

கேள்வி:
1980 வாக்கில் நியூயார்க் கேபிளில் ஓடிய பப்ளிக் ஆக்சஸ் (பொதுமக்களே நிகழ்ச்சி நடத்தும் சேனல்) அரட்டை நிகழ்ச்சி, யூ-மேட்டிக் என்கிற பழைய வீடியோ கேசட்டில் இருக்கிறது. டேப்பைப் போட்டால் கிறீச்சிட்டு நின்றுவிடுகிறது. படத்தின் மேல்பகுதியும் வளைகிறது. என்ன செய்யலாம்?

மறுமொழி 1:
முதலில் ஓட்டுவதை நிறுத்துங்க. பைண்டர் (காந்தத் தூளை டேப்பில் பிடித்து வைக்கும் பசை) ஈரத்தை உறிஞ்சிப் பிசுபிசுத்திருக்கும். படம் பதிந்திருக்கும் அந்தத் தூள், அதாவது ஆக்சைடு, உரிந்து பிளேயரின் ஹெட்டில் (டேப்பைப் படிக்கும் பாகம்) ஒட்டினால் போன படம் போனதுதான். டேப்பை, சூட்டைச் சீராக வைக்கும் ஆய்வக இன்குபேட்டரில் 54 டிகிரி செல்சியஸில் சுமார் 8 மணி நேரம் வைங்க, பாதியில் திருப்பிப் போடுங்க. நன்றாக ஆறிய பிறகு ஓட்டுங்க. சில வாரங்களில் பிசுபிசுப்பு திரும்பிவிடும், அதனால் கணினியில் பதிவதைத் தள்ளிப்போடாதீங்க. சமையல் அவன் வேண்டவே வேண்டாம், சூடு ஏறி இறங்கும்.

மறுமொழி 2:
வளைவுக்குக் காரணம் டேப்பின் இழுவிசை. பிளேயரில் இழுவிசையைச் சரிசெய்யும் ஸ்கியூ குமிழைத் திருப்பிப் படத்தை நேராக்குங்க, அப்புறம் டைம் பேஸ் கரெக்டர் (வரிகளின் நேரப் பிசகைச் சரிசெய்து படத்தை நிலைப்படுத்தும் கருவி) வழியாக அனுப்புங்க. இன்டர்லேஸைக் (ஒற்றை, இரட்டை வரிகள் மாறி மாறி வரும் அமைப்பு) கலைக்காமல் 10 பிட் எஃப்எஃப்வி1-இல் (தரம் இழக்காமல் சுருக்கும் வீடியோ வடிவம்) சேமியுங்க.

மறுமொழி 3:
தயவுசெய்து எதையும் வெட்டாதீங்க. 1971-இல் மன்ஹாட்டனில் இந்தச் சேனல்கள் தொடங்கியபோதே, நேரம் கேட்டு வருகிற யாருக்கும் இடம் என்பதுதான் அடிப்படை. தொலைபேசியில் வந்து திட்டுகிறவர், மைக் இரைச்சல், தொகுப்பாளர் பேச்சற்று உட்கார்ந்திருக்கும் நொடிகள், இவைதான் அந்த நிகழ்ச்சிகளின் உயிர்.