2004ஆம் ஆண்டின் 'ஜெய்' தெலுங்குப் படம்: பாடல் வரிகளுக்கு உதவி தேவை

குழுவினர் அனைவருக்கும் வணக்கம். செகந்திராபாத்தில் குடியிருக்கும் நாங்கள், வரும் ஆகஸ்ட் 15 அன்று எங்கள் குடியிருப்பின் தமிழ்ப் பிள்ளைகளைக் கொண்டு, தேஜா இயக்கிய 'ஜெய்' படத்தில் அனூப் ரூபென்ஸ் இசையமைத்த 'தேசம் மனதே' பாடலைப் பாட வைக்க விரும்புகிறோம். நவ்தீப் அறிமுகமான இந்தப் படம், காதலையும் குத்துச்சண்டையையும் நாட்டுப்பற்றையும் ஒன்றாகப் பின்னிய கதை. 'ஜெய்ராம்' என்ற பெயரில் தமிழிலும் எடுக்கப்பட்டது.

வரிகளைத் தமிழ் எழுத்தில் எழுதிக் கொடுத்ததும்தான் சிக்கல் தெரிந்தது. தெலுங்கில் 'மனதே' என்றால் 'நம்முடையதே' என்று பொருள். என் மகளோ அதை 'மனது' என்றே எண்ணி, நெஞ்சில் கை வைத்துப் பாடிக்கொண்டிருந்தாள். தவிர, க, த, ப ஆகியவற்றை எங்கே வல்லோசையாகவும் எங்கே மெல்லோசையாகவும் ஒலிப்பது என்பதை நம் எழுத்து காட்டுவதில்லை.

இரு மொழியும் அறிந்தவர்கள், ஒலிப்புக் குறிப்புடன் வரிக்கு வரி பொருள் எழுதித் தந்தால் மிகவும் நன்றியுடையவளாக இருப்பேன். படத்தைத் துணைவரிகளுடன் முறைப்படி பார்க்கும் வழி தெரிந்தாலும் சொல்லுங்கள். நிஜாமாபாதின் நிகத் ஜரீன் 2022, 2023ஆம் ஆண்டுகளில் உலகச் சாம்பியன் ஆனதைக் கண்டு குத்துச்சண்டைப் பயிற்சியில் சேர்ந்தவள் என் மகள். அவளுக்கு இந்தப் படத்தைக் காட்ட வேண்டும் என்பது என் நெடுநாள் ஆசை. ஜூலை இறுதிக்குள் கிடைத்தால் ஒத்திகைக்கு நேரம் இருக்கும்.