பக்கத்து மனைக்காரர் ஒன்றரை அடி உள்ளே வந்து சுவர் கட்டிவிட்டார், எந்தக் கோர்ட்டுக்குப் போவது?

வரப்போரம்: ஊர் தமிழ்நாட்டில், சென்னைக்கு வெளியே. மனை அப்பா வாங்கியது, இப்போது பட்டா என் பெயரில். போன மாதம் நான் ஊரில் இல்லாத நேரம் பார்த்துப் பக்கத்து மனைக்காரர் ஒன்றரை அடி தள்ளிக் காம்பவுண்ட் எழுப்பிவிட்டார். கேட்டால் "அது என் இடம்" என்கிறார். ஸ்டேஷனில் சிவில் மேட்டர் என்று அனுப்பிவிட்டார்கள். முன்சீப் கோர்ட்டா, சப் கோர்ட்டா?

கல்தூண்: முன்சீப் கோர்ட்தான் சார். நிரந்தர உறுத்துக்கட்டளை (உள்ளே வரக்கூடாது என்ற கோர்ட் தடை) மட்டும் கேளுங்கள். வழக்கின் மதிப்பை நாமே போடலாம், கோர்ட் பீஸ் குறைவு. உரிமையியல் நடைமுறைச் சட்டம் 15ஆம் பிரிவும், விசாரிக்க அதிகாரமுள்ள கோர்ட்டுகளில் கீழ்நிலையில் இருப்பதில்தான் போடச் சொல்கிறது.

நாலெல்லை: தயவுசெய்து அப்படிச் செய்யாதீர்கள். சுவர் எழும்பியாகிவிட்டது, இனி "உள்ளே வராதே" என்று தடை வாங்கி என்ன ஆகும்? எங்கள் வீட்டு வழக்கில் இதே தப்பைத்தான் செய்தோம். பீஸ் மிச்சம் என்று வெறும் தடை கேட்டோம். பல வருடம் இழுத்த பிறகு, உரிமையே தகராறில் இருக்கிறது, விளம்புகை (இடம் எங்களுடையது என்று கோர்ட் அறிவிப்பது) கேட்கவில்லை என்று தள்ளுபடி. அப்பா அந்தத் தீர்ப்பைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தது இன்னும் கண்ணில் நிற்கிறது. 2008இல் அனதுலா சுதாகர் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகவே சொல்லியிருக்கிறது: எதிராளி உரிமையை மறுத்து, இடமும் அவர் கையில் இருந்தால் விளம்புகை, சுவாதீனம் (இடத்தைத் திரும்ப நம் கையில் தருவது) இரண்டையும் கேட்க வேண்டும். அப்போது 1955ஆம் வருடத்து நீதிமன்றக் கட்டணச் சட்டப்படி சந்தை மதிப்பில் பீஸ். மதிப்பு ஏறினால் சப் கோர்ட்டுக்குப் போகும், போகட்டும்.

கல்தூண்: விளம்புகை வேண்டும் என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் எந்த இடத்தின் மதிப்பு? முழு மனைக்கா தகராறு? அந்த ஒன்றரை அடிப் பட்டைக்குத்தானே. நீளத்தால் பெருக்கி அதற்கு மட்டும் மதிப்புப் போட்டால் அனேகமாக முன்சீப் வரம்புக்குள்ளேயே நிற்கும்.

நாலெல்லை: சரி, அது நியாயம். நான் சொல்வது வரிசை. முதலில் என்ன பரிகாரம், அதாவது கோர்ட்டில் எதைக் கேட்கிறோம், அப்புறம் அதற்கு என்ன மதிப்பு, கடைசியில்தான் கோர்ட். நீங்கள் கோர்ட்டை முடிவு செய்துவிட்டுப் பரிகாரத்தைக் குறைத்தீர்கள்.

அளவுச்சங்கிலி: இரண்டு பேரும் தேதியை விட்டுவிட்டீர்கள். சுவர் கட்டி ஒரு மாதம்தான். குறித்தவகைத் துயர்துடைப்புச் சட்டம் 6ஆம் பிரிவில், வெளியேற்றிய ஆறு மாதத்துக்குள் போனால் உரிமையை நிரூபிக்காமலே சுவாதீனத்தைத் திரும்பக் கேட்கலாம்.

நாலெல்லை: கேட்கலாம். ஆனால் அந்தத் தீர்ப்புக்கு அப்பீல் கிடையாது, உரிமைத் தகராறும் அப்படியே நிற்கும். எல்லையே எது என்று சண்டை போடுகிற இடத்தில் நான் அதை மட்டும் நம்ப மாட்டேன்.

அளவுச்சங்கிலி: அப்படியானால் எதைப் போட்டாலும் கூடவே உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் ஆணை 26 விதி 9இல் கமிஷனர் (இடத்தை நேரில் பார்த்து அறிக்கை தர கோர்ட் அனுப்புகிறவர்) மனு போடுங்கள். சர்வேயரோடு வந்து அளந்தால் ஒன்றரை அடி இருக்கிறதா இல்லையா என்பது காகிதத்தில் வந்துவிடும். பட்டா மட்டும் உரிமைக்கு ஆதாரம் ஆகாது, மூலப்பத்திரத்தைத் தேடி எடுங்கள்.

வரப்போரம்: மூலப்பத்திரம் அம்மாவிடம் இருக்கிறது. நாளைக்கே தாலுகா ஆபீசில் அளக்க மனு கொடுக்கிறேன். சுவரின் நீளத்தையும் அளந்து வந்து சொல்கிறேன்.